இழை: ஏபிஏ செய்ய ராடிக்கல் நடத்தையியல் தெரிஞ்சிருக்கணுமா?

#1 கிளிப்போர்டு

ஏபிஏ, அதாவது நடத்தையை அளந்து மாற்றும் பயன்முறை நடத்தைப் பகுப்பாய்வில், அடிநிலைப் பயிற்சியாளருக்கான ஆர்பிடி பயிற்சி 40 மணி நேரம். அளவெடுப்பது, வலுவூட்டுவது, பிராம்ப்ட் (செய்ய உதவும் குறிப்பு) கொடுப்பது எல்லாம் அதில் வந்துவிடுகிறது. தத்துவம் ஏறக்குறைய இல்லை. மேலே படிக்கப் போகிறவர்களுக்கு மட்டும் பாடத்தின் தலைமாட்டிலேயே ராடிக்கல் நடத்தையியலைத் தொடங்கிய ஸ்கின்னர் உட்கார்ந்திருக்கிறார். என் கேள்விகள் மூன்று.

ராடிக்கல் நடத்தையியல் என்றால் மனதே இல்லை என்கிற கட்சிதானா? அதைத் தெரிந்துகொண்டவர் கையில் வேலை எப்படி மாறும்? குழந்தை தலையை மேசையில் மோதுகிறது, எல்லோரும் "கோபம்" என்கிறார்கள். அப்படிச் சொல்வதில் என்ன தப்பு?

தத்துவ வகுப்பு வேண்டாம். கைக்கு வருகிற மாதிரி சொல்லுங்கள்.

#2 வேரடிமண்

முதலில் பெயர்த் தகராறு. "தீவிர நடத்தையியல்" என்ற மொழிபெயர்ப்பு கொண்டுவந்த சீதனம்தான் பாதிக் குழப்பம். இங்கே ராடிக்கல் என்பது தீவிரம் இல்லை, வேர். கணக்கில் வர்க்கமூலக் குறிக்கும் ஆங்கிலத்தில் இதே பெயர்தான். அந்த "மூலம்" என்ற பொருளில் எடுத்துக்கொள்ளுங்கள்.

1913-ல் வாட்சன் சொன்னது: வெளியே தெரிகிற நடத்தை மட்டுமே உளவியலின் சரக்கு. அவருக்குப் பின்னால் வந்த பலர் கொஞ்சம் இறங்கிவந்து, "உள்ளே ஏதோ நடக்கலாம், இரண்டு பேர் சேர்ந்து பார்க்க முடியாததால் ஆய்வில் சேர்க்க மாட்டோம்" என்றார்கள். இது முறைசார் நடத்தையியல். ஸ்கின்னர் 1945-ல் உளவியல் சொற்களைப் பற்றி எழுதிய கட்டுரையில் இதைத்தான் எதிர்த்தார். பல்வலி, நினைப்பு, மனசுக்குள் எண்ணுவது எல்லாமே இயற்கை நிகழ்வுதான். பார்க்க ஒரே ஒரு ஆள் இருக்கிறார் என்பதற்காக அது வேறு உலகத்துப் பொருளாகிவிடாது. ஒரு கண்டிப்பு மட்டும் உண்டு: உள்ளே நடப்பதும் விளக்கம் கேட்கிற நடத்தைதான், அதையே விளக்கமாக வைத்துக் கதையை முடிக்கக் கூடாது.

ஆக, "மனதைக் கண்டுகொள்ளாதவர்" என்ற புகார் போய்ச் சேரவேண்டிய விலாசம் வேறு. ஸ்கின்னர் வீட்டு வாசலில் போட்டுவிட்டுப் போகிறார்கள்.

பி.எட். புத்தகங்கள் செய்கிற இன்னொரு வேலை, இவரைத் தூண்டல்-துலங்கல் கூட்டத்தில் நிறுத்துவது. தூண்டினால் துலங்கும் என்பது பாவ்லவ், வாட்சன் வழி. ஸ்கின்னருடையது தேர்வு: வந்து விழும் விளைவு, எந்த நடத்தை தங்கும் எது உதிரும் என்று பொறுக்கி எடுக்கிறது. 1981-ல் 'சயின்ஸ்' இதழில் இதை மூன்று படியாக வைத்தார்: இனம் கடந்துவந்த பரிணாமம், ஒரு ஆள் தன் ஆயுளில் சேர்த்த பழக்கம், ஒரு சமூகத்தின் வழக்கம். மூன்றிலும் விளைவுதான் சல்லடை.

இது கைக்கு எப்படி வரும்? "எது இவனைத் தூண்டியது?" என்று மட்டும் கேட்கிறவர் அந்த ஒரு நிமிடத்தைப் பார்க்கிறார். "இதற்கு முன்னால் இப்படிச் செய்தபோதெல்லாம் என்ன கிடைத்தது?" என்று கேட்கிறவர் ஆறு மாதத்தைப் பார்க்கிறார்.

#3 தயிர்சாதம்

அப்போ "கோபத்துல மோதினான்" என்பது பொய்யா? ஆமா, இல்லைன்னு சொல்லுங்க போதும்.

#4 எண்ணிப்பார்

பொய் இல்லை. வட்டம்.

ஏன் மோதினான்? கோபம். கோபம் என்று எப்படித் தெரியும்? மோதுகிறானே! பார்த்ததற்கே இன்னொரு பெயர் வைத்து, அந்தப் பெயரையே காரணமாக உட்கார வைத்துவிட்டோம். "அடம்", "சோம்பேறித்தனம்", "கவனக் குறைவு" எல்லாம் இதே குடும்பம். கோபம் இருக்கலாம், உடம்பு சூடாகியிருக்கலாம், எனக்கு மறுப்பில்லை. ஆனால் கோபமும் மோதலும் ஒரே இடத்திலிருந்துதான் வருகின்றன. அந்த இடத்தைத் தேடாமல் கோபத்தோடு நின்றுவிட்டால் நாளைக் காலையில் எதை மாற்றுவது?

முன்நிகழ்வு, நடத்தை, பின்விளைவு மூன்றையும் எழுதும் ஏபிசி தாளில் இது உடனே தெரியும். நடத்தைக் கட்டத்தில் "கோபப்பட்டான்" என்று எழுதினால் அந்த வரி வீண். "நெற்றியை மேசை விளிம்பில் 4 முறை மோதினான், சத்தம் கேட்டது" என்று இருக்க வேண்டும். எது கணக்கு, எது கணக்கில்லை என்பதையும் முதலிலேயே எழுதி வையுங்கள். மேசையில் தலை சாய்ப்பது கணக்கில்லை. நெற்றிக்கும் பரப்புக்கும் இடையே இடைவெளி விட்டு, சத்தம் வரும்படி பட்டால் ஒன்று. 3 விநாடி இடைவெளி வந்த பிறகு மறுபடி ஆரம்பித்தால் அது புதுத் தொடர். இரண்டு பேர் தனித்தனியாக எண்ணி 80 சதவீதத்துக்கு மேல் ஒத்துப்போகவில்லை என்றால் ஆள்களைத் திட்டாதீர்கள், வரையறையைத் திருத்துங்கள்.

எண்ண முடியாத வேகத்தில் நடக்கிறது என்று 10 விநாடித் துண்டுகளாகப் பிரித்துக் குறிப்பவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. துண்டுக்குள் ஒரு தடவை நடந்தாலும் டிக் என்று வைத்தால், நடத்தை எவ்வளவு நேரம் நீடித்தது என்பதை அது கூட்டிக் காட்டும். துண்டு முழுக்க நடந்தால்தான் டிக் என்றால் குறைத்துக் காட்டும். குறைக்க வேண்டியதை முதல் வகையிலும், கூட்ட வேண்டியதை இரண்டாம் வகையிலும் அளந்தால் தவறு நமக்குச் சாதகமாக விழாது.

ஏபிசி-யில் பெரிய ஓட்டை ஒன்று உண்டு. குழந்தை தலையை மோதினால் பக்கத்தில் இருக்கிற பெரியவர் "ஐயோ" என்பார், ஓடிவருவார். எதற்காக மோதினாலும் இது நடக்கும். அதனால் 20 வரி எழுதினால் 18 வரியில் பின்விளைவுக் கட்டத்தில் "கவனம்" என்றே வரும். அதைப் பார்த்து "கவனத்துக்காகச் செய்கிறான், கண்டுக்காதீங்க" என்று எழுதிக் கொடுப்பதுதான் இந்தத் துறையின் மிக மலிவான தவறு. கூடவே வருவதெல்லாம் காரணம் ஆகிவிடாது.

#5 கிளிப்போர்டு

சரி, அப்புறம் எப்படித்தான் பிரிப்பது?

#6 எண்ணிப்பார்

மாற்றிப் பார்த்துத்தான். இவாட்டாவும் உடன் வேலை செய்தவர்களும் 1982-ல் வெளியிட்டது இதுதான். 1994-ல் ஜாபா என்ற நடத்தைப் பகுப்பாய்வு இதழ் மறுபடி அச்சிட்டது. தன்னைத்தானே காயப்படுத்திக்கொள்ளும் 9 பேர், நான்கு நிலைமைகள், ஒவ்வொன்றும் 15 நிமிடம்.

கவனம்: பொம்மைகள் இருக்கும், பெரியவர் பத்திரிகை படித்துக்கொண்டிருப்பார். அடித்துக்கொண்டால் மட்டும் திரும்பி "வேண்டாம்மா, அடிபடும்" என்கிற மாதிரி ஒரு வார்த்தை, தோளில் ஒரு தொடுதல். மற்ற எதற்கும் திரும்ப மாட்டார்.

வேலை: சிரமமான பாடம். வாயால் சொல்லி 5 விநாடி. செய்து காட்டி 5 விநாடி. அப்புறம் கை பிடித்துச் செய்ய வைத்தல். அடித்துக்கொண்டால் வேலை போய்விடும், பெரியவர் 30 விநாடி திரும்பிக்கொள்வார்.

தனிமை: பொம்மை இல்லை, ஆள் இல்லை. எதற்கும் பதில் இல்லை.

விளையாட்டு: பொம்மை உண்டு, வேலை இல்லை, 30 விநாடிக்கு ஒரு முறையாவது பாராட்டு. மற்ற மூன்றையும் ஒப்பிட இதுவே அளவுகோல்.

9 பேரில் 6 பேருக்கு ஏதோ ஒரு நிலைமையில் மட்டும் தொடர்ந்து எண்ணிக்கை ஏறியது. பார்க்க ஒரே செயல், ஆளுக்கு ஆள் நோக்கம் வேறு. பிறகு 152 பேரின் தரவைத் தொகுத்தபோது வேலையிலிருந்து தப்புவது 38%, கவனமோ பொருளோ கிடைப்பது 26%, யாருமே இல்லாவிட்டாலும் தானாக நிற்கும் வகை 26% அளவில் வந்தன. "எல்லாம் கவனத்துக்காக" என்பவர்கள் சுவரில் எழுதி ஒட்டிக்கொள்ள வேண்டிய எண்கள்.

இப்போது 5 அல்லது 10 நிமிடமாகக் குறைத்துச் செய்கிறார்கள். வரிசை தனிமை, கவனம், விளையாட்டு, வேலை என்று போனால் நல்லது. தனிமைக்குப் பிறகு வருவதால் கவனத்துக்கான பசி ஏறியிருக்கும். விளையாட்டில் ஓய்ந்தவனுக்கு வேலை கசக்கும்.

எங்கே கெட்டுப்போகிறது? வேலை நிலைமையில் கொடுக்கிற வேலை எளிதாக, பிடித்ததாக இருந்தால் தப்பிக்கக் காரணமே இல்லை, எண்ணிக்கை ஏறாது. கவனம் கொடுப்பவர் அந்தக் குழந்தைக்கு முன்பின் தெரியாதவராக இருந்தால் அவர் கவனத்துக்கு மதிப்பே இல்லாமல் இருக்கலாம். நான்கு கோடும் பின்னிக்கொண்டு கிடந்தால் "இவனுக்கு நோக்கமே இல்லை" என்று எழுதாதீர்கள். நிலைமைகள் அவனுக்குப் பிரித்துத் தெரியவில்லை என்று பொருள். நிலைமைக்கு ஒரு நிறச் சட்டை, ஒரு அறை என்று மாற்றிவிட்டு மறுபடி ஓட்டுங்கள்.

கிளிப்போர்டு கேட்ட இரண்டாம் கேள்விக்கு இதுதான் பதில். தரவு குழம்பினால் தப்பு குழந்தையிடம் இல்லை, ஏற்பாட்டில் இருக்கிறது. தத்துவம் என் கையில் மாற்றுவது இந்த ஒன்றை.

#7 மறுபக்கம்

காயப்படுத்திக்கொள்கிற குழந்தையை வேண்டுமென்றே அந்த நிலைக்குத் தள்ளி எண்ணுவதை இவ்வளவு நிதானமாக எழுதுகிறீர்கள். எந்தப் புள்ளியில் நிறுத்துவீர்கள்?

அதைவிட முக்கியம், இதையெல்லாம் தொடங்கும் முன் மருத்துவரிடம் காட்டியாயிற்றா என்று ஒருவரும் கேட்கவில்லை. காதில் சீழ், சொத்தைப் பல், நெஞ்செரிச்சல், நாலு நாள் மலச்சிக்கல். பேச்சில்லாத குழந்தைக்கு இவை எல்லாவற்றுக்கும் தலையை மோதுவது ஒரே பதிலாக இருக்கலாம்.

#8 எண்ணிப்பார்

நியாயம். விட்டுப்போனதை எழுதுகிறேன்.

மருத்துவம் முதலில், அதில் பேரம் இல்லை. நிறுத்தும் புள்ளியை மருத்துவர் முன்கூட்டியே எழுதித் தர வேண்டும்: இத்தனை மோதல், அல்லது தோல் சிவந்தால், எது முந்துகிறதோ அது. 1982 ஆய்விலேயே அப்படி எல்லை வைத்திருந்தார்கள்.

15 நிமிடம் மோத விட வேண்டிய கட்டாயம் இப்போது இல்லை. முதல் மோதல் எத்தனையாவது விநாடியில் வந்தது என்பதை மட்டும் அளந்து, வந்தவுடன் அமர்வை முடிக்கலாம். சீக்கிரம் வருகிற நிலைமைதான் நோக்கத்தைக் காட்டும். அல்லது மோதலுக்கு முன்னால் வருகிற முனகல், மேசையைத் தள்ளுதல் போன்ற முன்னறிகுறிக்கே விளைவைக் கொடுத்து, மோதல் வரை போகவிடாமல் பார்க்கலாம். கண்ணைக் குத்திக்கொள்வது, சுவரில் முழுவேகத்தில் மோதுவது போன்றவற்றுக்கு இந்தக் குறுக்குவழிகளைத் தவிர வேறு எதையும் நான் பரிந்துரைக்க மாட்டேன்.

#9 வேரடிமண்

மறுபக்கம் சொன்ன காது விஷயத்தில்தான் ராடிக்கலுக்கும் முறைசாருக்கும் உள்ள வித்தியாசம் பளிச்சென்று தெரியும்.

காதுவலி உள்ளே இருக்கிறது, பார்க்க முடியாது. முறைசார்காரர் விட்டுவிடுவார். மனவாதி "வலியால் மோதுகிறான்" என்று முடித்துவிடுவார். ராடிக்கல்காரர் வலியை ஒரு தூண்டுதலாகவே கணக்கில் எடுப்பார்: வலி இருக்கும் நாளில் 'பாடம்' என்பது இன்னும் கசப்பாகிறது, அதனால் பாடத்தை நிறுத்தும் எந்தச் செயலுக்கும் மதிப்பு ஏறுகிறது. மைக்கேல் 1982-ல் இதை வேட்கை ஏற்பாடு என்ற பொருளில் தனியாகப் பிரித்துக் காட்டினார். இப்போது மோட்டிவேட்டிங் ஆபரேஷன், சுருக்கமாக எம்.ஓ. என்கிறோம். நேற்றுவரை அதே பாடத்துக்கு அமைதியாக உட்கார்ந்தவன் இன்று மோதினால் பாடத்தையும் பார், காதையும் பார். இரண்டில் எது காரணம் என்ற பட்டிமன்றம் தேவையில்லை. காதுக்கு மருந்து, அந்த வாரம் பாடம் பாதி.

தாளில் ஏபிசி-க்கு முன்னால் ஒரு பத்தி சேர்த்து "தூக்கம் எத்தனை மணி, கடைசியாக மலம் கழித்தது எப்போது, காய்ச்சல், மருந்து மாற்றம்" என்று எழுதுங்கள். நிறைய மர்மம் அந்தப் பத்தியிலேயே தீரும்.

#10 பேச்சுப்பட்டறை

உள்ளே நடப்பதைப் பற்றிப் பேச்சு வந்ததால் மொழிப் பக்கத்திலிருந்து கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

தாய் "இது சிவப்பு" என்று சொல்லிக்கொடுக்கும்போது சிவப்பு இருவர் கண்ணிலும் இருக்கிறது. "இது வலி" என்று எப்படிச் சொல்லிக்கொடுப்பாள்? வலி குழந்தையிடம் மட்டும்தானே இருக்கிறது? ஸ்கின்னரின் 1945 கட்டுரையின் இதயம் இந்தக் கேள்விதான். நான்கு வழி சொன்னார். விழுந்து முட்டி சிராய்ந்ததைத் தாய் பார்க்கிறாள், "வலிக்குதா கண்ணு" என்கிறாள்: வெளியே தெரிகிற காயத்தோடு சொல் ஒட்டிக்கொள்கிறது. அல்லது, கன்னத்தைப் பிடித்துக்கொண்டு அழுவதைப் பார்த்துச் சொல் கொடுக்கிறாள். மூன்றாவது, முதலில் வாய்விட்டுச் செய்து பிறகு உள்ளுக்குள் சுருங்கிப்போனது, மனக்கணக்கு மாதிரி. நான்காவது உவமை.

நான்காவதற்குத் தமிழைவிட நல்ல சாட்சி வேண்டாம். குத்துது, எரியுது, குடையுது, கடுக்குது, சுண்டி இழுக்குது, விண்ணு விண்ணுன்னு தெறிக்குது. முள் குத்துவதை, தீ எரிவதை ஊரே பார்த்திருக்கிறது. வெளியே பார்த்த அதே சாயல் உள்ளே வரும்போது சொல் உள்ளே போகிறது. மருத்துவர் "குத்துதா, எரியுதா, இழுக்குதா?" என்று கேட்டால் நாம் சட்டென்று பதில் சொல்வது, இந்த ஊர் நமக்கு அந்தப் பயிற்சியைச் சின்ன வயதிலேயே கொடுத்துவிட்டதால்தான்.

இந்த நான்கு வழியும் சரியாக வேலை செய்யாத குழந்தைக்கு என்ன செய்வது? வெளியே தெரிகிற காயத்தில் தொடங்குங்கள். சிராய்ப்பு, கொசுக்கடி, ஊசி போட்ட இடம். நடந்த அந்த நொடியிலேயே, கைவைத்துக் காட்டி, "கால் வலிக்குது" என்று மாதிரி கொடுங்கள். திரும்பச் சொன்னால் ஊதிவிடுவது, தடவிவிடுவது. வலியைச் செயற்கையாக உண்டாக்கிப் பயிற்சி கொடுக்கக் கூடாது என்பதால் வாய்ப்பு அரிது. வீட்டிலும் பள்ளியிலும் எல்லோருக்கும் ஒரே சொல்லைச் சொல்லிவையுங்கள். ஒருவர் "உவ்வா", ஒருவர் "நோவுது", ஒருவர் "வலி" என்றால் மாதத்துக்கு நாலு வாய்ப்பும் மூன்றாகச் சிதறிப்போகும்.

இதில் ஒரு கண்ணி. "வயிறு வலிக்குது" என்றவுடன் பாடம் நின்றால், அந்த வாக்கியம் வலியைச் சொல்வதை விட்டுவிட்டு "பாடம் வேண்டாம்" என்று கேட்கத் தொடங்கிவிடும். பள்ளிக்கூட வயிற்றுவலி நம் எல்லோருக்கும் தெரிந்ததுதானே! உருவத்தில் டாக்ட் (இருப்பதைச் சொல்லும் பேச்சு), வேலையில் மேண்ட் (வேண்டியதைக் கேட்கும் பேச்சு). சனிக்கிழமை காலை 8 மணிக்கும் வருகிறதா, பிடித்த விளையாட்டுக்கு நடுவிலும் வருகிறதா என்று பாருங்கள். வராவிட்டால் குழந்தையைப் பொய்யன் என்று சொல்லாமல், "வேண்டாம்" என்று சொல்லி நிறுத்த வேறு வழி கொடுங்கள். வலிச் சொல் தன் பழைய வேலைக்குத் திரும்பும்.

அடுத்தது தமிழில் மேண்ட் சொல்லிக்கொடுப்பவர்கள் எல்லோரும் மாட்டிக்கொள்ளும் இடம். தண்ணீரைக் காட்டி "தண்ணி வேணுமா?" என்று கேட்கிறோம், கொடுக்கிறோம். பத்து நாளில் குழந்தை குடத்தைக் காட்டி "தண்ணி வேணுமா" என்கிறது. கேலி செய்கிறதோ, தன்-பிறர் வித்தியாசம் தெரியவில்லையோ என்று ஆளாளுக்கு விளக்கம் சொல்வார்கள். விஷயம் எளிது: தண்ணீர் வருவதற்கு முன் காதில் விழுந்த சொல் அதுதான், அதைச் சொன்னபோது தண்ணீர் வந்தது. அந்தச் சொல் தேர்வாகிவிட்டது. நாம் கொடுத்த மாதிரியிலேயே கேள்வி 'ஆ' ஒட்டிக்கொண்டிருந்தது, அவ்வளவுதான்.

சரிசெய்ய: கேள்வியை அடியோடு நிறுத்துங்கள். டம்ளரைப் பார்க்கும்படி பிடியுங்கள். கை நீட்டினால் வேட்கை இருக்கிறது. நீட்டாவிட்டால் பயிற்சியே வேண்டாம், அப்புறம் பார்க்கலாம். நீட்டினால் 2 விநாடி காத்திருந்து "தண்ணி" என்று மட்டும் மாதிரி. சொன்னவுடன், ஒரு விநாடிக்குள், இரண்டு மடக்கு. டம்ளர் நிறையக் கொடுத்தால் அன்றைக்கு அந்த ஒரு வாய்ப்போடு சரி. அடுத்த முறை "தண்..." என்று பாதி. அதற்கடுத்து வெறும் மௌனம். பழைய "தண்ணி வேணுமா" தலைகாட்டினால் திருத்தி நிற்காமல், 2 விநாடி விட்டு "தண்ணி" என்று மாதிரி கொடுத்து, அதற்கு மட்டும் கொடுங்கள்.

"வேணும்", "குடு", "இன்னும்" மூன்றையும் ஆரம்பத்தில் சொல்லிக்கொடுக்காதீர்கள். எல்லாவற்றுக்கும் பொருந்துகிற சொல் எதையும் சொல்வதில்லை. குழந்தை "வேணும் வேணும்" என்று அழும், எது என்று நமக்குத் தெரியாது. பெயர்ச்சொல் பத்துப் பதினைந்து சேர்ந்த பிறகு "குடுங்க" ஒட்டலாம். முதலிலிருந்தே "குடு" வேண்டாமா என்று கேட்பார்கள். பெரியவர்களிடம் "குடு" என்று கேட்டால் தாத்தா முகம் சுளிப்பார், அந்தச் சுளிப்பும் ஒரு விளைவுதான்.

#11 தயிர்சாதம்

அதெல்லாம் சரி, 1959-ல் மொழியியலாளர் சாம்ஸ்கி, ஸ்கின்னரோட மொழி நூலுக்கு எழுதின மதிப்புரையில இந்தக் கோட்பாட்டையே தரைமட்டமாக்கிட்டாரே?

#12 வேரடிமண்

புதிது புதிதாக வாக்கியம் படைப்பதை ஸ்கின்னர் போதுமான அளவு விளக்கவில்லை என்ற அடி பட்ட அடிதான். ஆனால் அந்த மதிப்புரை பல இடங்களில் மற்ற நடத்தையியலாளர்களின் கருத்தை ஸ்கின்னர் தலையில் வைத்து அடிக்கிறது. மெக்கார்க்கடேல் 1970-ல் விரிவான பதில் எழுதினார். பேச்சில்லாத குழந்தைக்குத் தண்ணீர் கேட்கக் கற்றுக்கொடுப்பதற்கு இந்த வழக்கின் தீர்ப்பு வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை.

#13 மறுபக்கம்

நான் கேட்க வந்தது வேறு. வேர் இவ்வளவு நல்லது என்றால் மரத்தில் ஏன் இவ்வளவு கசப்பு? லோவாஸின் 1987 ஏபிஏ ஆய்வு: ஆட்டிசம் உள்ள 19 குழந்தைகள், வாரம் 40 மணி நேரம், அதில் 9 பேர் சாதாரண வகுப்பில் சேர்ந்தார்கள் என்ற கணக்கு. யார் எந்தக் குழுவுக்கு என்பதைக் குலுக்கிப் போட்டு முடிவு செய்யவில்லை. உரத்த "நோ"வும் தொடையில் அடியும் அந்த முறையில் இருந்தன. அந்த 47 சதவீதத்தை இன்றைக்கும் சிலர் விளம்பரத்தில் போடுகிறார்கள். கையை உதறுவது, ஆடுவது எல்லாம் "குறைக்க வேண்டிய நடத்தை" பட்டியலில் ஏறுகின்றன. கண்ணைப் பார்க்க வைக்கத் தாடையைப் பிடித்துத் திருப்பியவர்கள் உண்டு. இப்படி வளர்ந்த ஆட்டிசம் உள்ளவர்கள் பெரியவர்களாகி, "எங்களை நடிக்கக் கற்றுக்கொடுத்தீர்கள்" என்கிறார்கள். ஸ்கின்னர் தத்துவம் இதைத் தடுத்ததா?

#14 வேரடிமண்

தடுக்கவில்லை. அதை ஒப்புக்கொண்டுதான் மேலே பேச முடியும்.

தண்டனையை ஸ்கின்னர் விரும்பவில்லை. 1938 புத்தகத்திலேயே, பாதத்தில் அடிபட்ட எலி கொஞ்ச நேரம் அடங்கிவிட்டுப் பிறகு பழைய கணக்கைத் தீர்த்துக்கொள்வதைக் காட்டியிருந்தார். ஆனால் பின்னால் வந்த ஆய்வுகள், கடுமையாகவும் உடனடியாகவும் கொடுத்தால் தண்டனை நன்றாகவே வேலை செய்யும் என்றன. வேலை செய்யும் என்பது செய்யலாம் என்பதாகாது. எது மாற வேண்டும் என்று தத்துவம் சொல்லாது. எப்படி மாறுகிறது என்று மட்டுமே சொல்லும். கத்திக்குக் காய்கறி தெரியாது.

ஆனால் அதே தராசைப் பயிற்சியாளர் பக்கமும் வைத்துப் பாருங்கள். குழந்தை கையை உதறுவது நின்றால் யாருக்கு நிம்மதி? அறையில் இருக்கிற பெரியவருக்கு. அந்த நிம்மதிதான் அவருடைய கட்டளையை வலுவூட்டுகிறது. "இவன் நன்மைக்காக" என்று எழுதப்படும் பல இலக்குகளின் பின்விளைவுக் கட்டம் அங்கேதான் நிரம்புகிறது. தன் நடத்தையை இந்த விதிக்கு வெளியே வைத்துக்கொள்கிறவரை ராடிக்கல் என்று சொல்ல முடியாது.

#15 எண்ணிப்பார்

துறைக்குள்ளிருந்தே வந்த பதிலையும் சேர்க்கிறேன். 1968-ல் ஜாபா முதல் இதழில் பேயர், வூல்ஃப், ரிஸ்லி மூவரும் ஏழு அளவுகோல் வைத்தார்கள். அதில் ஒன்று, செய்வதையெல்லாம் அடிப்படை விதிகளோடு கோத்துச் சொல்ல வேண்டும், இல்லையேல் இது தந்திரங்களின் மூட்டையாகிவிடும் என்பது. இந்த இழையின் தலைப்புக்கு நேர் விடை அந்த வரி. அந்த மூவரில் ஒருவரான வூல்ஃப் 1978-ல் மூன்று கேள்வி கேட்டார்: இலக்கு சமூகத்துக்குத் தேவையானதா, முறை ஏற்கத்தக்கதா, கிடைத்த பலனில் சம்பந்தப்பட்டவர்களுக்குத் திருப்தியா. எண்ணிக்கையை மட்டும் நம்பியவர்கள் மத்தியில் "அவர்களையே கேளுங்கள்" என்றது அன்றைக்குத் துணிச்சல்தான்.

நடைமுறையில்: இலக்குத் தாளில் ஒவ்வொரு வரிக்கும் எதிரே "இது நின்றால் யாருக்கு என்ன லாபம்" என்று ஒரு கட்டம் வையுங்கள். குழந்தையின் பெயர் வராத வரியை அடித்துவிடலாம். கை உதறல் பெரும்பாலும் அங்கேயே விழுந்துவிடும். எழுந்து போவது, தலையைத் திருப்புவது, பொருளைத் தள்ளுவது மூன்றையும் "சம்மதம் இல்லை" என்று வரையறுத்து, வந்தவுடன் நிறுத்தி, எத்தனை முறை வந்தது என்று அதையும் எண்ணுங்கள். அந்த எண் ஏறினால் திட்டம் தோற்கிறது, பாட மதிப்பெண் ஏறினாலும் சரி.

#16 கிளிப்போர்டு

நன்றி. கடைசியாக ஒன்று. "கண்டுக்காதீங்க, தானா நிக்கும்" என்று வீட்டுக்கு எழுதிக் கொடுப்பது எப்போது சரி, எப்போது தப்பு? தப்பிப்பதற்காக மோதுகிற குழந்தை என்றே வைத்துக்கொள்வோம்.

#17 எண்ணிப்பார்

அந்தக் குழந்தைக்கு அது நேர் எதிர் மருந்து. கண்டுகொள்ளாமல் விட்டால் பாடமும் நிற்கும். அவன் கேட்டதும் அதுதான். மூலையில் உட்கார வைப்பதும் அதேதான், தண்டனை என்ற பெயரில் விடுமுறை. எக்ஸ்டிங்க்ஷன் என்றால் கண்டுகொள்ளாமல் இருப்பது என்று நினைக்கிறார்கள். எந்த விளைவு தாங்குகிறதோ அந்த விளைவை நிறுத்துவதுதான் அது.

அதையும் தனியாகச் செய்யாதீர்கள். லெர்மனும் இவாட்டாவும் 1995-ல் 113 தரவுத் தொகுப்புகளைப் பார்த்தார்கள். தொடக்கத்தில் நடத்தை திடீரென எகிறியது மொத்தத்தில் 24 சதவீதத்தில். எக்ஸ்டிங்க்ஷன் மட்டும் செய்த இடங்களில் 36, வேறு முறையோடு சேர்த்த இடங்களில் 12. எகிறுகிற நேரத்தில் வீட்டார் பயந்து விட்டுக்கொடுத்தால், பலமாக மோதினால் கிடைக்கும் என்று நாமே கற்றுக்கொடுத்ததாகிவிடும்.

சேர்க்க வேண்டியது மாற்று வழி; கார், டுராண்ட் இருவரும் 1985-ல் காட்டியது. "போதும்" என்ற சொல் அல்லது ஒரு அட்டை. மோதுவதைவிட அது சுலபமாக இருக்க வேண்டும், நாலு சொல் வாக்கியம் கேட்காதீர்கள். முதலில் வேலையை வைத்தவுடனே, மோதலுக்கு முன்பே, கையைப் பிடித்து அட்டையைக் கொடுக்க வையுங்கள். உடனே 30 விநாடி ஓய்வு, ஒவ்வொரு முறையும். இரண்டு நாள் கழித்து 5 விநாடி காத்திருந்து பாருங்கள். தானாக அட்டை வரத் தொடங்கினால் அடுத்த படி.

அடுத்த படியில்தான் பலரும் சறுக்குகிறார்கள். அட்டை ஓயாமல் வருகிறது, பாடம் ஓடவில்லை, ஆசிரியர் சலித்துப்போய் அட்டையைப் பிடுங்கி அலமாரியில் வைக்கிறார். மறுநாள் மோதல் திரும்புகிறது. புது வழி அடைபட்டால் பழைய வழி திறக்கும், அதில் ஆச்சரியமே இல்லை. பிடுங்காமல் மெதுவாக இறக்குங்கள்: ஒரு கேள்வி முடித்ததும் ஓய்வு, பிறகு இரண்டு, பிறகு நாலு. கவனத்துக்காகச் செய்கிறவனாக இருந்தால் பச்சை, சிவப்பு என இரண்டு அட்டை. பச்சை தெரியும்போது கேட்டால் கிடைக்கும், சிவப்பில் கிடைக்காது. பச்சை 45 விநாடி, சிவப்பு 15 விநாடியில் தொடங்கி, பச்சை 1 நிமிடம், சிவப்பு 4 நிமிடம் வரை கொண்டுபோகலாம். ஒரு படியில் மோதல் மூன்று அமர்வு தொடர்ந்து தலைகாட்டினால் முந்தைய படிக்கு இறங்குங்கள்.

#18 பேச்சுப்பட்டறை

அட்டையில் "போதுமா?" என்று அச்சடித்துவிடாதீர்கள், புண்ணியமாகப் போகும்.